மூன்றாவது சிடிக்குச் சந்தனப் பொட்டு

என் அண்ணா அமெரிக்கா போகப் போகிறான் என்று தெரிந்ததும் மயிலாப்பூரில் எங்கள் தெருவே யோசனை சொல்ல வரிசையாக வந்தது. குக்கர் கொண்டு போ, பருப்புப்பொடி கொண்டு போ, குளிருக்குக் காதை மூடிக்கொள். எங்கள் இருவருக்கும் இருந்த கவலை வேறு. அவன் விமானம் ஏறுவதற்குள் ஒரு வீடியோ கேமை முடித்தாக வேண்டும். மூன்று சிடியில் வந்த கதை அது. இரண்டு முடிந்திருந்தது. மூன்றாவது எங்கள் கையில் இல்லை.

இதை வெளியே சொன்னால் சிரிப்பார்கள். அவனுக்கு இருபத்தைந்து வயது. இரண்டாயிரமாவது வருஷம் என்றால் என்ன என்று கம்ப்யூட்டர்களுக்குப் புரியவைக்கும் உத்தியோகம். எனக்கு இருபத்திரண்டு, பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர், ஜாதகத்தை நாலு இடத்தில் கொடுத்திருந்தார்கள். இப்படிப்பட்ட இரண்டு பேர் சாயங்காலம் ஆனால் கூடத்து டிவிக்கு முன்னால் பாயை விரித்து உட்கார்ந்து, எங்குமே இல்லாத ஒரு ராஜ்யத்தைக் காப்பாற்றிக்கொண்டிருந்தோம். அந்த வீடியோ கேம் பெட்டிக்கு அம்மா வைத்திருந்த பெயர் ‘சனியன்’.

எங்களுக்குள் வேலைப் பிரிவினை உண்டு. ஜாய்ஸ்டிக் அவன் கையில். சண்டை, ஓட்டம், தாண்டுதல் எல்லாம் அவன் பொறுப்பு. ஆனால் அந்த விளையாட்டில் பேச்சு அதிகம். திரையின் அடியில் ஆங்கிலத்தில் எழுத்து எழுத்தாக ஓடும். அதை அவன் படிக்கவே மாட்டான். நான்தான் படித்து, தமிழாக்கி, ஆளுக்கு ஒரு குரல் கொடுத்துச் சொல்ல வேண்டும். துரோகி மந்திரிக்கு எங்கள் பெரியப்பாவின் குரல். இளவரசிக்கு மாடி வீட்டு மாமியின் குரல். மந்திரி வாயைத் திறந்தாலே அண்ணா பாயில் உருண்டு சிரிப்பான். அவன் போன பிறகு யாருக்குப் படித்துச் சொல்வது என்ற நினைப்பு அடிக்கடி வந்தது. அதனால் அதை நினைக்காமல், மூன்றாவது சிடியை நினைத்துக்கொண்டிருந்தேன்.

பெட்டி சிங்கப்பூர் மாமாவின் அன்பளிப்பு. வந்த புதிதில் அது எங்கள் வீட்டிலேயே அதிக மடி ஆசாரம் பார்க்கும் ஜீவனாக இருந்தது. கம்பெனி அச்சடித்த சிடியைத் தவிர வேறு எதைப் போட்டாலும் தொடாது. அசல் சிடி வாங்குகிற வசதி இருந்தால் நாங்கள் ஏன் மாமா தயவில் விளையாடப் போகிறோம்? ஆகவே அந்த மடியைக் கலைக்கச் சிந்தாதிரிப்பேட்டைக்குக் கொண்டு போனோம். டேப் ரிக்கார்டர் ரிப்பேர் செய்யும் பாய் ஒருவர் அதைத் திறந்து, விரல் நகம் அளவு சிப் ஒன்றை வைத்து, ஐந்து கம்பிகளைப் பற்றவைத்தார். நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு எட்டிப் பார்த்தேன்.

“இன்னாம்மா, ஆபரேசன் தியேட்டர் வாசல்ல நிக்கிற மாதிரி நிக்கிற?” என்றார் அவர். “பேசன்டுக்கு ஒண்ணும் ஆவாது. இனிமே எத்தப் போட்டாலும் துன்னும்.”

சொன்னபடியே தின்றது. படம் மட்டும் முதல் வாரம் கறுப்பு வெள்ளையில் வந்தது. அந்த சிடியின் வண்ணமுறை எங்கள் டிவிக்கு ஒத்துவரவில்லை. மறுபடி போய் இன்னொரு கம்பியும் போட்டுக்கொண்டு வந்தோம். ராஜ்யத்துக்குக் கலர் வந்தது.

மூன்றாவது சிடி அசோக் நகரில், அண்ணாவின் ஆபீஸ் நண்பன் கம்ப்யூட்டரில் இருந்தது. சிடியாக இல்லை, அதில் உள்ளதெல்லாம் ஒரே கோப்பாக, அறுநூற்றைம்பது எம்பி. அதை டெலிபோன் கம்பி வழியாக வரவழைக்க ஆரம்பித்திருந்தால் அண்ணாவின் பிள்ளைக்குப் பூணூல் போடும் சமயத்தில் முடிந்திருக்கும். பிளாப்பியில் எடுக்கலாமா என்று நான் கணக்குப் போட்டுப் பார்த்தேன். நானூற்று ஐம்பத்திரண்டு பிளாப்பி வந்தது. கடைசியில் அந்தக் காலத்தில் எல்லாரும் செய்ததையே செய்தோம். நண்பன் கம்ப்யூட்டரிலிருந்து ஹார்டு டிஸ்க்கையே கழற்றி, தி.நகரில் சிடி எழுதித் தருபவரிடம் எடுத்துப் போய், அவர் கம்ப்யூட்டரில் மாட்டுவது என்று ஏற்பாடு. அண்ணாவுக்கு டாலர் வாங்க, ஸ்வெட்டர் வாங்க, ஊசி போட்டுக்கொள்ள என்று ஆயிரம் அலைச்சல். அதனால் தூக்கிப் போகிற வேலை என் தலையில் விழுந்தது.

துண்டில் சுற்றி, எவர்சில்வர் சம்புடத்தில் வைத்து மூடி, பஸ் ஏறினேன். உட்கார இடமில்லை. சென்னை பஸ்ஸில் நிற்பவர்களின் சாமானை உட்கார்ந்திருப்பவர்கள் மடியில் வாங்கிக்கொள்வார்கள். கேட்கவே வேண்டாம், கையை நீட்டிவிடுவார்கள். எனக்குப் பக்கத்தில் ஒரு பூக்காரம்மா நீட்டினார். கொடுக்காவிட்டால் மரியாதைக் குறைவு. கொடுத்தேன்.

“இன்னாம்மா சாப்பாடு இது, இம்மாம் கனமா கீது?”

“புளியோதரை.”

“புளியோதரையா? வாசனையே காணமே.” சம்புடத்தைக் காதருகே கொண்டு போய் ஒரு குலுக்குக் குலுக்கினார். எனக்கு உயிர் போய்விட்டு வந்தது.

“குலுக்காதீங்கம்மா, குழம்பும் இருக்கு. கொட்டிடும்.”

அதற்கப்புறம் அவர் அதைக் கைக்குழந்தையைப் போல வைத்துக்கொண்டார். பனகல் பார்க்கில் இறங்கும்போது, “இனிமே புளியோதரையும் கொழம்பும் ஒரே டப்பால வைக்காத” என்று புத்தி சொல்லி அனுப்பினார்.

சிடி எழுதுபவருக்கு உண்மையான தொழில் கல்யாணப் பத்திரிகை. தெருவுக்குள்ளே ஒரு சின்ன அறை, இரண்டு கம்ப்யூட்டர், சுவர் முழுக்கப் பிள்ளையாரும் தாமரையும் அச்சடித்த மாதிரிகள். சிடி எழுத உட்கார்ந்துவிட்டால் மட்டும் மனிதர் மாறிவிடுவார். டெலிபோன் ரிசீவரை எடுத்துக் கீழே வைப்பார். ஃபேனை நிறுத்துவார். செருப்புச் சத்தம் கேட்டால் முறைப்பார். “மெஷினுக்கு ஊட்டிக்கிட்டே இருக்கணும்மா. ஒரு வாய் லேட்டானாலும் துப்பிடும். அப்புறம் அந்த சிடி எதுக்கும் ஆகாது” என்பார். ஒரு சிடி எழுத நாற்பது நிமிஷம். அந்த நாற்பது நிமிஷமும் அவர் கையைக் கட்டிக்கொண்டு திரையையே பார்ப்பார். நான் ஸ்டூலில் அசையாமல் உட்கார்ந்திருப்பேன். பெண் பார்க்க வந்தவர்கள் முன்னால்கூட நான் அவ்வளவு அடக்கமாக உட்கார்ந்ததில்லை.

முதல் தடவை தொண்ணூறு சதவிகிதம் தாண்டியபோது பக்கத்து மாவுக் கடையில் கிரைண்டரைப் போட்டார்கள். விளக்கு ஒரு நொடி மங்கியது. மெஷின் துப்பிவிட்டது. அவர் அந்த சிடியை எடுத்து ஒரு ஆணியில் மாட்டினார். அங்கே ஏற்கெனவே ஏழெட்டுத் தொங்கிக்கொண்டிருந்தன.

ஹார்டு டிஸ்க் அவரிடமே இருந்தது. நான் நாலு நாள் நடையாக நடந்தேன். ஒரு நாள் கரண்ட் இல்லை. ஒரு நாள் முகூர்த்த அவசரம். கடைசியில் சரஸ்வதி பூஜைக்கு முதல் நாள் சாயங்காலம் அவர் மாவுக் கடைக்கே போய், முக்கால் மணி நேரம் கிரைண்டர் போடாமல் இருக்க முடியுமா என்று கேட்டார். நாளைக்குப் பண்டிகை, மாவுக்கு ஆட்கள் நிற்கிறார்கள்.

“யாருக்கு இன்னா பரீட்ச?” என்றாள் கடைக்காரி.

“அமெரிக்கா போற பையனோட சர்டிபிகேட்டு. நின்னு போச்சுன்னா விமானம் ஏத்த மாட்டான்” என்றார் அவர், கண்ணைக்கூடச் சிமிட்டாமல்.

அமெரிக்கா என்றதும் அவள் சுவிட்சை நிறுத்திவிட்டாள். மாவு வாங்க நின்றவர்கள் எல்லாரும் வாசலில் வந்து நின்று, எட்டிப் பார்த்து, நன்றாகப் படிக்கிற பிள்ளை போலிருக்கிறது என்று பேசிக்கொண்டார்கள். ஒரு ராஜ்யத்தின் தலைவிதியும் அரைத் தெருவின் இட்லியும் ஒரே நேரத்தில் நின்றன. சிடி முழுசாக வந்தது. அவர் அதன் மேல் ஸ்கெட்ச் பேனாவால் கோணலாக 3 என்று எழுதிக் கொடுத்தார். நான் அதை மார்போடு அணைத்துக்கொண்டு வீடு வந்தேன்.

வீட்டில் கால் வைக்க இடமில்லை. மறுநாள் விட்டு மறுநாள் விஜயதசமி. அம்மாவும் ஜோசியரும் கலந்து பேசி அண்ணாவின் பயணத்துக்கு அந்த நாளைத்தான் குறித்திருந்தார்கள். சாயங்காலம் பம்பாய்க்கு விமானம், அங்கிருந்து அமெரிக்கா. வழியனுப்ப வந்த அத்தைகளும் சித்தப்பாக்களும் கூடத்தில் டிவிக்கு முன்னால் குடியேறியிருந்தார்கள். “நாளைக்குக் கார்த்தால எல்லாரும் கோவிலுக்குப் போவா. அப்போ போட்டுடலாம்” என்றான் அண்ணா என் காதில். எனக்கும் அது சரியாகப் பட்டது. நாளைக்கு என்ன நாள் என்று இரண்டு பேருமே யோசிக்கவில்லை.

காலையில் எழுந்து வந்தால் பூஜை மணையில் எல்லாம் அடுக்கியாகிவிட்டது. புத்தகங்கள், என் வீணை, அப்பாவின் பேனா, அண்ணாவின் பாஸ்போர்ட், அவற்றுக்கு நடுவில் வீடியோ கேம் பெட்டி. பெட்டியின் தலையில் சந்தனம், குங்குமம், ஒரு செம்பருத்தி. ஜாய்ஸ்டிக்குக்கும் பூ. மூன்று சிடிகள் ஒன்றன்மேல் ஒன்றாக, உறையில்.

“இதை எதுக்கும்மா இங்க வச்சே?” என்றேன்.

“கத்துக்கற சாமான் எல்லாத்தையும் வைக்கணும். வித்தைன்னா எல்லாம் வித்தைதான்.”

“சனியன்னு சொல்லிண்டு இருந்தியே.”

“அவன் தினமும் கையால தொட்ட சாமான்டி. ஒரு நாள் அம்பாள் கிட்ட இருக்கட்டும்” என்று சொல்லிவிட்டு அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

பூஜையில் வைத்ததை மறுநாள் புனர்பூஜை முடியும்வரை தொடக் கூடாது. இரண்டு வருஷமாக வசவு வாங்கிய பெட்டிக்கு ஒரே இரவில் தெய்வ அந்தஸ்து கிடைத்துவிட்டது. அன்று முழுக்க வீட்டில் யாரும் இல்லாத நேரம் மூன்று தடவை வந்தது. நாங்கள் இரண்டு பேரும் பாயில் உட்கார்ந்து, சுண்டலைத் தின்றுகொண்டு, பூஜை மணையையே பார்த்துக்கொண்டிருந்தோம். எனக்கு ஆத்திரமாக வந்தது. ஆனால் தொட எனக்குத் துணிச்சல் இல்லை. பாஸ்போர்ட் பக்கத்தில் இருந்ததால் அவனுக்கும் இல்லை.

விஜயதசமியன்று காலையில் புனர்பூஜை முடிந்ததும் ஆளுக்கு இரண்டு வரியாவது படிக்க வேண்டும் என்பது வழக்கம். அப்பா கீதையில் ஒரு சுலோகம் படித்தார். அத்தை செய்தித்தாளில் தங்கம் விலை படித்தாள். நாங்கள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு டிவிக்கு ஓடினோம். மூன்றாம் நம்பர் உறையைத் திறந்த அண்ணா அப்படியே நின்றுவிட்டான்.

சிடியின் பளபளப்பான பக்கத்தில், சுற்றிலும் நான்கு சந்தனப் பொட்டு, நான்கின் மேலும் குங்குமம். நன்றாகக் காய்ந்து ஒட்டியிருந்தது. பெட்டி படிக்கிற பக்கமே அதுதான்.

“அம்மா, இந்தப் பக்கமா வைப்பா?” என்றேன் நான். கத்தவில்லை என்றுதான் நினைக்கிறேன். சித்தப்பா கத்தினேன் என்கிறார்.

“அந்தப் பக்கம் ஏதோ கிறுக்கி வச்சிருந்தது. கண்ணாடி மாதிரி இருக்கே, இதுதான் முகம்னு நினைச்சேன்” என்றாள் அம்மா. அதுவும் நியாயம்தான். யாராக இருந்தாலும் முகத்தில்தான் பொட்டு வைப்பார்கள்.

அண்ணா பதறவே இல்லை. “மெதுவா, நடுவுல இருந்து வெளியில நேரா துடைக்கணும். பழைய பனியன் துணி கொண்டு வா” என்றான். நான் அவன் கையிலிருந்து பிடுங்கி, இடுப்பில் செருகியிருந்த புடவைத் தலைப்பை எடுத்து வட்ட வட்டமாகத் தேய்த்தேன். ஐந்து நாள் அலைச்சல், கிரைண்டர், சுண்டல் எல்லாம் சேர்ந்து தேய்த்தது. சந்தனம் போய்விட்டது. அன்று நான் கட்டியிருந்தது பண்டிகைக்கு எடுத்த பட்டு. தலைப்பு முழுக்கச் சரிகை. சிடியில் வட்டமாகக் கீறல்கள் விழுந்ததை நான் பார்த்தேன், அவனும் பார்த்தான். அவன் சிடியை வாங்கி ஒரு தடவை ஊதினான். திட்டியிருந்தால் தேவலை என்று இருந்தது.

போட்டோம். ஓடியது. நான் படித்துச் சொல்ல, அவன் அடித்துக்கொண்டு போக, இருபது நிமிஷம் எல்லாம் பழையபடி இருந்தது. அப்புறம் கோட்டை வாசலில் படம் நின்றுவிட்டது. மறுபடி ஆரம்பத்திலிருந்து. மறுபடி அதே வாசல். மூன்றாவது தடவை அண்ணா பெட்டியைத் தலைகீழாகக் கவிழ்த்தான். அப்படிக் கவிழ்த்தால் சில சமயம் படிக்கும் என்று சிந்தாதிரிப்பேட்டை பாய் சொல்லியிருந்தார். நெற்றியில் பொட்டோடும் பூவோடும் இருந்ததைக் கவிழ்த்ததைப் பார்த்து அத்தை கன்னத்தில் போட்டுக்கொண்டாள். ஆனால் கோட்டை வாசல் திறந்தது.

அதற்குள் மணி மூன்றரை. அம்மா அவன் சூட்கேஸுக்குள் மூன்றாவது தடவையாக ஊறுகாயை வைத்து எடுத்துக்கொண்டிருந்தாள். டாக்ஸி வந்து ஹாரன் அடித்தது. திரையில் கடைசிப் படிக்கட்டு. மேலே ஏறினால் கடைசிச் சண்டை, அதோடு கதை முடிகிறது. “இன்னும் அரை மணிதான்” என்றேன். அவன் கடிகாரத்தைப் பார்த்தான். இருந்த இடத்திலேயே சேமித்துவிட்டு, ஜாய்ஸ்டிக்கை என் மடியில் வைத்தான்.

“வேற சிடி போட்டு நீ முடிச்சுடு. முடிவை எனக்கு எழுது. யார் என்ன பேசறான்னு ஒண்ணு விடாம எழுது.”

“சரி” என்றேன். மீனம்பாக்கத்தில் எல்லாரும் அழுதார்கள். நான் அழவில்லை. கீறின சிடியை நினைத்துக்கொண்டே நின்றேன்.

அடுத்த வாரமே தி.நகர்க்காரர் புது சிடி எழுதிக் கொடுத்தார். எதற்கும் அசையாத மனிதர், “தம்பி போய்ச் சேர்ந்துட்டாரா?” என்று விசாரித்தார். வீட்டுக்கு வந்து போட்டேன். சேமித்து வைத்த இடம் வந்தது. படிக்கட்டின் அடியில், அவன் நிறுத்திவிட்டுப் போன மாதிரியே, எங்கள் வீரன் கத்தியோடு நின்றான். லேசாக மூச்சு விட்டுக்கொண்டிருந்தான். எனக்குச் சண்டை போடத் தெரியாது என்பதில்லை. இரண்டு வருஷம் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறேன். ஆனால் அந்தப் படியில் அவனை ஏற்ற எனக்கு மனசு வரவில்லை. அணைத்துவிட்டேன். அடுத்த நாளும் போட்டேன், அடுத்த நாளும் அணைத்தேன். இப்படி மூன்று வாரம்.

அதற்குள் அண்ணாவிடமிருந்து இரண்டு கடிதம். இரண்டிலும் குளிர், பருப்புப்பொடி, கடைசி வரியில், “முடிஞ்சுதா?” மூன்றாவது வருவதற்குள் வெளிநாட்டுக்கு மடித்து ஒட்டி அனுப்பும் ஏரோகிராம் ஒன்று வாங்கி, நானே ஒரு முடிவை எழுதினேன். கடைசிச் சண்டையில் மந்திரி தோற்று, பெரியப்பா குரலில் கால் மணி நேரம் தன் பக்க நியாயத்தைப் பேசுகிறான். இளவரசி மாடி வீட்டு மாமி குரலில் அவனை மன்னிக்கிறாள். எல்லாரும் ஊருக்குத் திரும்பி, காலை அலம்பிக்கொண்டு, சாப்பிட உட்காருகிறார்கள். மடிக்கிற ஓரம் வரை எழுதினேன். பதில் வந்தது: “பிரமாதம். இப்படித்தான் முடியும்னு நினைச்சேன்.” மாட்டிக்கொள்ளவில்லை என்று நிம்மதியாக இருந்தது. கொஞ்சம் கர்வமாகவும் இருந்தது.

ஒரு வருஷம் கழித்து லீவில் வந்தான். எடை கூடியிருந்தான். வந்த மூன்றாம் நாள், கூடத்தில் பாயில் படுத்துக்கொண்டே, “உன்கிட்ட ஒண்ணு சொல்லணும். அந்த கேமோட முடிவை நான் பார்த்துட்டேன்” என்றான்.

“எப்போ?”

“நான் அங்க போன பத்தாம் நாள். ரூம்மேட்கிட்ட மூணு சிடியும் இருந்தது. உன் லெட்டர் வர்றதுக்கு முன்னாடியே.”

ஒரு வருஷமாகப் பொய் சொல்லிக்கொண்டிருந்தவள் நான். வெட்கப்பட்டிருக்க வேண்டும். எனக்கு வந்தது கோபம். நான் மூன்று வாரம் அந்தப் படிக்கட்டை ஏற மாட்டாமல் டிவியைப் போட்டும் அணைத்தும் கிடந்திருக்கிறேன். இவனுக்குப் பத்து நாள்கூடப் பொறுக்கவில்லை. தலையணையை எடுத்து அவன் மேல் வீசினேன்.

“என்னை விட்டுட்டுப் பார்த்தியா?”

அவன் தலையணையைப் பிடித்து வைத்துக்கொண்டான்.

“கடைசியில ரொம்ப நேரம் யாரோ பேசறா. திரை பூரா எழுத்து. நான் வழக்கம்போல இந்தப் பக்கம் திரும்பினேன். ரூம்மேட் சட்டைக்கு இஸ்திரி போட்டுண்டு இருந்தான்.”

எனக்கு அடுத்த தலையணையை எடுக்கத் தோன்றவில்லை.

“என்னதான் எழுதியிருந்தது?” என்று கேட்டேன்.

“யாருக்குத் தெரியும்? நீ எழுதினது மட்டும்தான் எனக்குத் தெரியும்.”